தந்தி ஆங்கிலம், கைப்பேசி ஆங்கிலம், நம் வீட்டுத் தமிழ்

இந்த மலருக்கு நான் வழக்கமாக எழுதுவது இலக்கணம், கல்வெட்டு, ஏட்டுச்சுவடி என்று பழைய சமாச்சாரமாகத்தான் இருக்கும். இந்த ஆண்டு கைப்பேசியில் ஓடுகிற ஆங்கிலத்தைப் பற்றி எழுதப்போகிறேன் என்றதும் மலர்க் குழு நண்பர் ஒருவர், “புடவைக் கடைக்காரருக்கு எதுக்குங்க இந்த வம்பு?” என்றார். கேள்வி நியாயமானதுதான். ஆனால் கரியாஹாட்டில் கடை வைத்திருப்பவன் ஒரு நாளில் பார்க்கிற விதவிதமான எழுத்தை ஒரு தமிழாசிரியர் ஒரு மாதத்திலும் பார்க்கமாட்டார். ஆரணியிலிருந்து நெசவு முதலாளி எழுதுகிறார். பாலிகஞ்ச் வாடிக்கையாளர் அம்மா எழுதுகிறார். லாரி புக்கிங் ஆபீஸ்காரர் எழுதுகிறார். பெங்களூரிலிருந்து மகன் எழுதுகிறான். தமிழ், வங்காளம், இந்தி, ஆங்கிலம் என்று மொழி நாலு. எழுத்து மட்டும் ஒன்றே ஒன்று, ஆங்கில எழுத்து. இது எப்படி வந்தது, இதனால் யாருக்கு நஷ்டம் என்று பார்ப்பதுதான் இந்தக் கட்டுரையின் நோக்கம்.

இணையமும் கைப்பேசியும் வந்து ஆங்கிலத்தைக் கெடுத்துவிட்டன என்பது பெரியவர்கள் கூடுகிற இடமெல்லாம் கேட்கிற புலம்பல். ‘யூ’ என்ற சொல்லுக்கு ஆங்கிலத்தில் மூன்றெழுத்து. பிள்ளைகள் ஒரே எழுத்தைப் போட்டு முடிக்கிறார்கள். ‘கிரேட்’ என்பதன் பின்பாதிக்குப் பதில் எட்டு என்கிற எண்ணைப் போடுகிறார்கள். ‘பிளீஸ்’ என்ற சொல்லில் உயிரெழுத்தெல்லாம் ஓடிப்போய்விட்டது. இதைப் பார்த்து வருந்துகிறவர்கள் நன்றாகப் படித்தவர்கள். அவர்கள் வருத்தத்தை நான் எள்ளவில்லை. ஆனால் அவசரத்துக்கு மொழியைக் குறுக்குவது கைப்பேசியோடு பிறந்த பழக்கமில்லை. அதற்கு ஒரு பழைய கதை, நாம் வாழும் இதே ஊரில், இதே ஹூக்ளிக் கரையில் இருக்கிறது.

1839ஆம் ஆண்டு கல்கத்தா மருத்துவக் கல்லூரியில் வேதியியல் பேராசிரியராக இருந்த வில்லியம் ஓஷானஸி என்பவர் சிவபூர் தாவரவியல் பூங்காவில் கம்பி கட்டி, அதன் வழியே மின்சாரத்தால் செய்தி அனுப்பிப் பார்த்தார். அமெரிக்காவில் மோர்ஸ் வாஷிங்டனுக்கும் பால்டிமோருக்கும் இடையே தந்தி அடித்துக் காட்டியது 1844இல். நம் ஊர்ச் சோதனை அதற்கு ஐந்து வருஷம் முந்தியது! 1850இல் கல்கத்தாவிலிருந்து டயமண்ட் ஹார்பருக்குக் கம்பி போட ஆரம்பித்தார்கள். 1851இல் அது கம்பெனியின் உபயோகத்துக்கு வந்தது. அடுத்த சில ஆண்டுகளில் பொதுமக்களும் காசு கொடுத்துத் தந்தி அடிக்கலானார்கள்.

இந்தக் காசுதான் விஷயம். தந்திக்குக் கட்டணம் சொல்லுக்கு இவ்வளவு என்று. ஒரு சொல் கூடினால் காசு கூடும். ஆகவே ஆங்கில இலக்கணம் கட்டாயம் என்று வைத்திருந்த ‘தி’, ‘ஏ’ போன்ற சிறு சொற்கள் முதலில் போயின. அப்புறம் ‘நான்’, ‘நீ’ போனது. கடைசியில் மிஞ்சியது ‘மதர் சீரியஸ் ஸ்டார்ட் இமீடியட்லி’. எங்கள் வந்தவாசிப் பக்கத்துக் கிராமங்களில் தந்திச் சேவகர் சைக்கிளை நிறுத்தினாலே, பிரிப்பதற்கு முன்பே வீட்டில் அழுகை ஆரம்பித்துவிடும். நாலே சொல்தான், வினைமுற்று ஒன்றுதான். ஆனாலும் பொருள் புரியாமல் போன குடும்பம் ஒன்று உண்டா?

வியாபாரிகள் இன்னும் ஒரு படி மேலே போனார்கள். கடல் கடந்து லண்டனுக்குத் தந்தி அடிப்பது மிகவும் செலவு பிடிக்கிற காரியம். சணல், தேயிலை ஏற்றுமதி செய்த கம்பெனிகள் அதற்கென்று தடித்தடியான குறியீட்டு அகராதிகளை மேஜைமேல் வைத்திருக்கும். பென்ட்லி என்பவர் தொகுத்த புத்தகம் அவற்றில் பேர்போனது. ‘சரக்கு கப்பலேறிவிட்டது’ என்பது போன்ற முழு வாக்கியத்துக்குப் பதிலாக, அர்த்தமே இல்லாத ஐந்தெழுத்துச் சொல் ஒன்று. அந்தப்பக்கம் இருப்பவரும் அதே புத்தகத்தைப் புரட்டிப் பொருள் தெரிந்துகொள்வார். உள்நாட்டிலும் கல்யாண வாழ்த்து, தீபாவளி வாழ்த்து ஒவ்வொன்றுக்கும் தந்தி இலாகா ஒரு எண் கொடுத்திருந்தது. எண்ணை எழுதிக் கொடுத்தால் போதும்; போய்ச் சேருமிடத்தில் அழகான ஆங்கில வாக்கியமாக அச்சாகிவிடும். மணமக்களை வாழ்த்த ஒரே ஒரு எண் என்றால், இன்றைய பிள்ளைகள் அனுப்புகிற கட்டைவிரல் படத்தை நாம் எந்த வாயால் குறை சொல்வது? இந்தியாவில் தந்திச் சேவை 2013 ஜூலை மாதத்தோடு நின்றுவிட்டது. அது பழக்கிய சிக்கனம் நிற்கவில்லை.

அந்த 1839ஆம் வருஷத்துக்கு இன்னொரு பெருமையும் உண்டு. உலகமெல்லாம் இன்று சொல்கிற ‘ஓ.கே.’ அச்சில் முதலில் தெரிந்தது அந்த வருஷம் மார்ச் மாதம், அமெரிக்காவின் பாஸ்டன் நகரப் பத்திரிகை ஒன்றில். ‘ஆல் கரெக்ட்’ என்பதை வேண்டுமென்றே தப்பும் தவறுமாக எழுதி, அதன் முதலெழுத்துக்களை எடுத்து யாரோ செய்த கேலி அது. அதேபோல ‘ஓ மை காட்’ என்பதன் சுருக்கமாகப் பிள்ளைகள் போடும் ‘ஓ.எம்.ஜி.’ 1917லேயே இங்கிலாந்தின் கடற்படைத் தளபதி ஃபிஷர் பிரபு சர்ச்சிலுக்கு எழுதிய கடிதத்தில் வந்துவிட்டது. ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி இதையும், ‘எல்.ஓ.எல்.’ என்கிற சிரிப்புக் குறியையும் 2011 மார்ச்சில் சேர்த்துக்கொண்டது. இதில் ஒரு வேடிக்கை, அதே ‘எல்.ஓ.எல்.’ 1960 வாக்கில் ‘சின்ன வயோதிக அம்மாள்’ என்ற பொருளில் வழங்கியதாம்!

சரி, கைப்பேசிக்கு வருவோம். இதிலும் நம் ஊர்தான் முன்னால் நிற்கிறது. 1995 ஜூலை 31 அன்று முதலமைச்சர் ஜோதி பாசு ரைட்டர்ஸ் கட்டடத்திலிருந்து டெல்லியிலிருந்த மத்திய அமைச்சர் சுக்ராமுடன் பேசியதுதான் இந்தியாவின் முதல் கைப்பேசி அழைப்பு. அடுத்த பதினைந்தாம் நாள், ஆகஸ்ட் 15 அன்று, கல்கத்தா உள்ளிட்ட பெருநகரங்களில் பொதுமக்களுக்கு இணைய இணைப்பு வந்தது.

கைப்பேசியின் குறுஞ்செய்திக்கு ஓர் எல்லை உண்டு: 160 எழுத்து. இந்த 160 எங்கிருந்து வந்தது என்பதைக் கொஞ்சம் விளக்கமாகச் சொல்லவேண்டும், ஏனென்றால் நம் தமிழின் கதை இதற்குள்தான் இருக்கிறது. 1985 வாக்கில் ஃப்ரீடெல்ம் ஹில்லெப்ராண்ட் என்ற ஜெர்மன் பொறியாளர் தட்டச்சுப் பொறியில் சாதாரண வாக்கியங்களை அடித்து எண்ணிப் பார்த்து, 160 எழுத்து போதும் என்று முடிவுக்கு வந்தார். ஒரு செய்திக்கு ஒதுக்கிய இடம் 1,120 துளி. கணினிக் கணக்கில் துளி என்பது ஒன்று அல்லது பூஜ்யம், அவ்வளவுதான். ஆங்கில எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஏழு துளி போதும். 1,120ஐ ஏழால் வகுத்தால் 160. தமிழ், வங்காளம் போன்ற எழுத்துக்கள் அந்த ஏழு துளிக்குள் அடங்காது. ஒவ்வொன்றுக்கும் பதினாறு வேண்டும். வகுத்தால் 70.

எழுபதாவது முழுசாகக் கிடைத்ததா? அதுவும் இல்லை. ‘கொடுத்தேன்’ என்று எழுதினால் நம் கணக்கில் ஐந்தெழுத்து. கணினியோ மெய்யை ஒன்றாகவும் உயிர்க்குறியை இன்னொன்றாகவும், புள்ளியைக்கூடத் தனியாகவும் எண்ணும். ஐந்து எழுத்து பத்தாகிவிடும். ஆக, ஒரு குறுஞ்செய்திக் காசுக்குத் தமிழில் எழுதக்கூடியது சுமார் நாற்பது எழுத்து. அதையே ஆங்கில எழுத்தில் தட்டினால் 160. அந்தக் காலத்துக் கைப்பேசி பலவற்றில் தமிழ் எழுத்துரு கிடையாது. நீங்கள் அனுப்பினாலும் எதிராளிக்குத் தெரிவது வரிசையாகக் கட்டம் கட்டமாகத்தான். காசும் நஷ்டம், செய்தியும் போகாது. நம் ஜனங்கள் ஆங்கில எழுத்துக்குப் போனது ஆங்கில மோகத்தால் மட்டும் என்று மேடையில் பேசுகிறவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கவேண்டும். சொல்லுக்குக் காசு என்றபோது ஆங்கிலம் சொல்லைக் குறைத்தது. எழுத்துக்குக் காசு என்றபோது எழுத்தைக் குறைத்தது. தமிழ், எழுத்தையே விட்டுவிட்டது.

இனி ஆங்கிலத்துக்கு நேர்ந்தது என்ன என்று பார்ப்போம். இதற்கு ஆங்கில இலக்கணம் தேட வேண்டியதில்லை. பவணந்தி முனிவரின் நன்னூலே போதும். 13ஆம் நூற்றாண்டு நூல். சொற்கள் காலத்தோடு கழிவதையும் புகுவதையும் குற்றமாக எண்ணாத பெருந்தன்மை அதில் உண்டு. வழக்கு என்பதை இயல்பு வழக்கு, தகுதி வழக்கு என்று இரண்டாகப் பிரித்து, முதலாவதில் ‘மரூஉ’வையும் இரண்டாவதில் ‘குழூஉக்குறி’யையும் அது வைக்கிறது. தஞ்சாவூர் தஞ்சையானதும் கோயம்புத்தூர் கோவையானதும் மரூஉ. ‘பிளீஸ்’ மூன்றெழுத்தானதும் அதே ஜாதிதான். வாயில் தேய்வதற்குப் பதில் விரலில் தேய்ந்திருக்கிறது.

குழூஉக்குறி என்பது ஒரு கூட்டத்தார் தங்களுக்குள் வைத்துக்கொள்ளும் சொல். பொற்கொல்லர் பொன்னைப் ‘பறி’ என்பார்கள் என்பது பள்ளிக்கூடத்தில் படித்த உதாரணம். எங்கள் ஜவுளித் தொழிலிலும் உண்டு. பத்து வேறு வேறு எழுத்துள்ள ஒரு சொல்லையோ தொடரையோ கடைக்காரர் தேர்ந்தெடுத்து, ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரு எண் என்று வைத்துக்கொள்வார். புடவைச் சீட்டின் ஓரத்தில் கொள்முதல் விலை அந்த எழுத்தில் இருக்கும். வாடிக்கையாளர் எதிரிலேயே இருக்கும், அவருக்குத் தெரியாது. பிள்ளைகள் ‘பி.ஆர்.பி.’ என்றும் ‘ஐ.டி.கே.’ என்றும் எழுதிக்கொள்வது பெரும்பாலும் இந்த வகை. கூட்டத்தில் ஒருவன் என்று காட்டிக்கொள்ளத்தான் அது. அப்பனும் ஆத்தாளும் புரிந்துகொண்டுவிட்டால் அதை விட்டுவிட்டு வேறொன்றுக்குப் போய்விடுவார்கள். ஆகவே அதில் பெரும்பகுதி தானாகவே உதிரும்; அகராதிக்கு வருவது நூற்றில் ஒன்றோ இரண்டோ.

மூன்றாவது மாற்றத்தைத்தான் நான் பெரிதாக நினைக்கிறேன். அதற்கு நன்னூல் போதாது, தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியலுக்குப் போகவேண்டும். நகை, அழுகை முதலாக எட்டு மெய்ப்பாடு சொல்கிறார் தொல்காப்பியர். நேரில் பேசும்போது முகமும் குரலும் இவற்றைக் காட்டிவிடும். எழுத்தில் காட்ட வழியில்லை; கடிதம் எழுதியவர்கள் அதற்காக நாலு வரி கூடுதலாக எழுதினார்கள். கணினியில் எழுதும் பேச்சு கடிதம்போல் நிதானமானதல்ல, திண்ணைப் பேச்சுமாதிரி உடனுக்குடன் போய்வருவது. அதில் கேலியாகச் சொன்னதை நிஜம் என்று எடுத்துக்கொண்டு சண்டை வந்தது. இதற்காகவே 1982 செப்டம்பர் 19 அன்று அமெரிக்கப் பேராசிரியர் ஸ்காட் ஃபால்மன், முக்காற்புள்ளி, சிறுகோடு, அடைப்புக்குறி மூன்றையும் சேர்த்தால் படுத்த வாக்கில் ஒரு சிரிக்கும் முகம் வருகிறதே, கேலிப் பேச்சுக்கு அடையாளமாக அதைப் போடலாமே என்று யோசனை சொன்னார். அதன் பேரப்பிள்ளைகள்தான் இன்றைய முகப்படங்கள். 2015இல் ஆக்ஸ்ஃபோர்டு அகராதிக்காரர்கள் ‘ஆண்டின் சொல்’ என்று தேர்ந்தெடுத்தது எந்தச் சொல்லையும் அல்ல. கண்ணீர் வரச் சிரிக்கும் முகத்தை!

நிறுத்தற்குறிகளுக்கும் மெய்ப்பாடு ஏறிவிட்டது. முழுவதும் பெரிய எழுத்தில் எழுதினால் கத்துகிறீர்கள் என்று பொருள். ‘சரி’ என்று சொல்லி முற்றுப்புள்ளி வைத்தால் கோபம் என்று பொருள்! 2015இல் நியூயார்க் மாநிலத்துப் பிங்காம்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இதை மாணவர்களிடம் சோதித்தார்கள். குறுஞ்செய்தியில் முற்றுப்புள்ளியோடு வந்த ஒற்றைச்சொல் பதிலை, புள்ளியில்லாத பதிலைவிட மனசில்லாமல் சொன்னதாகவே மாணவர்கள் எடுத்துக்கொண்டார்கள். அதே பதில் கையால் எழுதின சீட்டில் இருந்தபோது இந்த வேற்றுமை இல்லை. வாக்கியம் முடிந்தது என்று காட்டுவதற்கு இருந்த புள்ளிக்கு, கைப்பேசியில் வாக்கியத்தை முடிக்கும் வேலை இல்லை. அனுப்பு என்ற பொத்தானே அதைச் செய்துவிடுகிறது. வேலையில்லாமல் நின்ற புள்ளிக்குப் புதுவேலை கிடைத்துவிட்டது.

இலக்கணத்தில் மாற்றம் கொஞ்சம்தான். ‘பிகாஸ்’ என்பதற்குப் பின் வாக்கியம் வரவேண்டிய இடத்தில் வெறும் பெயர்ச்சொல்லை நிறுத்துவது ஒன்று. ‘வரலை, ஏன்னா மழை’ என்கிற மாதிரி. அமெரிக்க வட்டாரமொழிக் கழகம் 2013ஆம் ஆண்டின் சொல்லாக அந்த ‘பிகாஸை’யே எடுத்துக்கொண்டது. நமக்கு இது அதிசயமில்லை, தமிழ் என்றும் அப்படித்தான் பேசுகிறது. சொற்களஞ்சியத்தில் வரவு அதிகம். அதில் நம் பங்கும் உண்டு: 2016 செப்டம்பரில் ஆக்ஸ்ஃபோர்டு ஆங்கில அகராதி நம் ‘ஐயோ’வைச் சேர்த்துக்கொண்டது. கட்டுமரத்தையும் சுருட்டையும் கப்பல் கொண்டுபோய்ச் சேர்க்கப் பல காலமாயிற்று. இன்று ஒரு சொல் ஊர்விட்டு ஊர் போக நொடிப்பொழுது போதும்.

ஆக, ஆங்கிலத்துக்கு ஒன்றும் குடி முழுகவில்லை. இதை என் அபிப்பிராயமாக மட்டும் சொல்லவில்லை. இங்கிலாந்தில் கோவென்ட்ரி பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த பெவர்லி பிளெஸ்டர், கிளேர் வுட் முதலியோர் பத்திலிருந்து பன்னிரண்டு வயதுவரை உள்ள 88 பிள்ளைகளைச் சோதித்து 2009இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். குறுஞ்செய்தியில் சுருக்கச் சொற்களை அதிகமாகப் போட்ட பிள்ளைகள் வாசிப்பில் பின்தங்கியிருக்கவில்லை, நன்றாகவே வாசித்தார்கள். காரணத்தைக் கொஞ்சம் யோசித்தால் புரியும். ‘கிரேட்’டின் பின்பாதி ‘எய்ட்’ என்று ஒலிக்கிறது, எட்டு என்ற எண்ணுக்கும் ஆங்கிலத்தில் அதே ஒலி என்று தெரிந்தவன்தான் அப்படி எழுதமுடியும். ஒலியும் எழுத்தும் பிரிந்து நிற்பதை அறிந்தவனுக்குத்தான் அந்த விளையாட்டு.

இந்த இடத்தில்தான் நம் குடும்பங்கள் நின்று யோசிக்கவேண்டும். அந்த 88 பிள்ளைகளுக்கும் காலையில் பள்ளிக்கூடம் இருந்தது. அங்கே முழுச்சொல்லை எழுதவைத்தார்கள், தப்பு செய்தால் சிவப்பு மை ஓடியது. குறுக்குவதற்கு முழுசு ஒன்று கையில் இருந்தது. கொல்கத்தாவிலோ கட்டக்கிலோ பிலாயிலோ வளர்கிற நம் பிள்ளைக்குத் தமிழில் அந்த முழுசு எங்கே இருக்கிறது? ‘அம்மா’ என்பதையே அது ஆங்கில எழுத்தில்தான் முதன்முதலாக எழுதுகிறது.

தமிழை ஆங்கில எழுத்தில் எழுதுவது புதுசா என்றால், அதுவும் இல்லை. அச்சேறிய முதல் தமிழே ரோமன் எழுத்தில்தான். 1554இல் போர்ச்சுகல் நாட்டு லிஸ்பனில் ‘கார்டிலா’ என்ற சமயப் பாடநூலைத் தமிழ், போர்ச்சுகீசியம் இரண்டிலும் அச்சிட்டார்கள். தமிழ் எழுத்து அச்சுகள் அங்கே இல்லாததால் தமிழ்ச் சொற்களை ரோமன் எழுத்தில் கோத்தார்கள். தமிழ் அச்சு வார்க்கப்பட்டதும் 1578இல் கொல்லத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ தமிழ் எழுத்திலேயே வந்துவிட்டது. இருபத்துநாலு வருஷம். வங்காளத்தின் கதையும் அச்சு அசலாக இதேதான். 1743இல் லிஸ்பனில் ரோமன் எழுத்தில் ஒரு வங்காளப் புத்தகம். 1778இல் நம் ஹூக்ளியில் வங்காள அச்சு வார்த்து ஹால்ஹெட்டின் இலக்கணம். அந்த அச்சு வேலையில் வில்கின்ஸோடு உழைத்தவர் பஞ்சானன் கர்மகார் என்ற வங்காளக் கொல்லர். இரண்டு மொழியிலும் கருவி வந்தவுடன் எழுத்து வீடு திரும்பிவிட்டது.

ரோமன் எழுத்தின்மேல் எனக்குப் பகை கிடையாது. பார்க் தெருவில் இருக்கிற ஆசியக் கழகத்தைத் தொடங்கிய வில்லியம் ஜோன்ஸ், 1788லேயே கீழைநாட்டுச் சொற்களை ரோமனில் எழுத ஒழுங்கான முறை வகுத்தார். சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதியும் ஒவ்வொரு சொல்லுக்கும் ரோமன் வடிவம் தருகிறது. ஆனால் அங்கே ளகரத்துக்கு அடிப்புள்ளி, ழகரத்துக்கு அடிக்கோடு, நெடிலுக்கு மேற்கோடு என்று கறாராக இருக்கும். கைப்பேசித் தமிழில் புள்ளியும் கிடையாது, கோடும் கிடையாது. ‘வி’, ‘ஏ’, ‘எல்’, ‘ஐ’ என்று நாலு ஆங்கில எழுத்தைத் தட்டினால் அது வலியா, வழியா, வளியா, வாலியா, வாளியா?

இடம் பார்த்துப் புரிந்துகொள்ளலாமே என்பார்கள். பெரும்பாலும் புரியும், புளி பத்து கிலோ என்று எழுதினால் யாரும் புலியைக் கட்டி அனுப்பப்போவதில்லை. ஆனால் தெரிந்தவர் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். முழங்கால் அறுவை செய்துகொண்ட அம்மாள் ஊரிலிருந்து சென்னை மெயிலில் ஹவுரா வந்து இறங்கினார். கூட வந்த பேரன், ‘பாட்டிக்கு வழி தெரியல’ என்று இங்கே வீட்டுக்கு ஆங்கில எழுத்தில் தட்டினான். இங்கே அதை ‘வலி தெரியல’ என்று படித்துவிட்டு, பரவாயில்லையே, வலி குறைந்துவிட்டது போல என்று சந்தோஷப்பட்டுக்கொண்டு கும்பிடும் கைப்படம் ஒன்றை அனுப்பிவைத்தார்கள். அந்தக் கூட்டத்தில் எந்தப் பக்கம் வெளியேறுவது என்று தெரியாமல் அந்த அம்மாள் ஒன்றரை மணி நேரம் பெட்டிமேல் உட்கார்ந்திருந்தார். ழகரத்தை நாம் மேடையில் ‘சிறப்பு ழகரம்’ என்று புகழ்வதற்குச் சும்மா பெருமை மட்டும் காரணமில்லை. அது தன் வேலையைச் செய்கிற எழுத்து.

லிஸ்பன் காலத்தில் கருவி வந்ததும் எழுத்து திரும்பியது என்றேன். இப்போதும் கருவி வந்துவிட்டது. ஒருங்குறியில் தமிழுக்கு 1991லேயே இடம் ஒதுக்கப்பட்டது. ஆளுக்கொரு எழுத்துரு என்று பட்ட பாட்டுக்கு முடிவாக, 1999இல் தமிழ்நாடு அரசு ‘தமிழ்99’ விசைப்பலகையை அறிவித்தது. 2010இல் கோவைச் செம்மொழி மாநாட்டை ஒட்டி ஒருங்குறியை ஏற்றது. 2013இல் ஐபோனிலேயே தமிழ் விசைப்பலகை வந்தது, ஆண்ட்ராய்டிலும் அதே காலத்தில் தமிழ் நன்றாகத் தெரிய ஆரம்பித்தது. 2016க்குப் பிறகு இணையக் கட்டணம் சரிந்து, வாட்ஸ்அப்பில் எழுபது எழுத்துக் கணக்கும் ஒழிந்தது. தமிழில் எழுதினால் கூடுதல் காசு என்ற காரணம் இன்று செத்துப்போன காரணம். பழைய மளிகைக் கணக்கில் எங்கள் பெரியவர்கள் போட்ட ௳, ௴, ௵ என்ற நாள், மாதம், வருஷக் குறிகளும், பற்று வரவுக்கான ௶, ௷ குறிகளும்கூட 2003இல் ஒருங்குறிக்குள் வந்துவிட்டன. அவசரத்துக்குச் சுருக்கி எழுதத் தமிழ் வியாபாரியும் பிந்தியவனில்லை என்பதற்கு அவை சாட்சி.

இருந்தும் பிள்ளைகள் திரும்பவில்லை. ஏன் என்பதற்கு என் வீட்டிலேயே விடை கிடைத்தது. என் பேத்தி இங்கே பிறந்து வளர்ந்தவள். தோழிகளுக்கு வங்காளத்தில் எழுதும்போது பாதி நேரம் வங்காள எழுத்திலேயே எழுதுகிறாள். ஆங்கில எழுத்தைத் தட்டினால் வங்காள எழுத்தாக மாற்றித் தருகிற விசைப்பலகை அதற்கு இருக்கிறது. 2003இல் பங்களாதேஷில் மெஹ்தி ஹசன் கான் என்ற மருத்துவ மாணவர் உருவாக்கிய ‘அவ்ரோ’ இந்த முறையைப் பரவலாக்கியது. தமிழுக்கும் அதேமாதிரி விசைப்பலகை அதே கைப்பேசியில் இருக்கிறது. ஆனாலும் எனக்கு எழுதும்போது ஆங்கில எழுத்துதான். “ஏம்மா?” என்று கேட்டேன். “தாத்தா, தட்டினா நாலு சொல்லு காட்டுது. அதுல எது சரின்னு எனக்குப் படிக்கத் தெரியலையே” என்றாள். வங்காளத்தைப் பள்ளியில் படிக்கிறாள், ஆகவே பட்டியலில் சரியானதை அவள் கண் எடுத்துக்கொள்கிறது. தமிழைக் காதால் மட்டும் அறிந்தவளுக்குப் பட்டியல் வெறும் கோலம்.

அடுத்து வருவது குரல் செய்தி. ஊரிலுள்ள என் தங்கை இப்போது எழுதுவதே இல்லை, பேசித்தான் அனுப்புகிறாள். கேட்க இனிமையாக இருக்கிறது, எங்கள் பக்கத்துப் பேச்சு அப்படியே வருகிறது. பிள்ளைகளும் குரலிலேயே பதில் சொல்கிறார்கள். இதில் தமிழ்ப் பேச்சுக்கு ஆதாயம் என்பதை மறுக்கமாட்டேன். ஆனால் ஆங்கில எழுத்திலாவது எழுதிக்கொண்டிருந்த கையும் சும்மா இருக்க ஆரம்பித்துவிட்டது.

பிள்ளைகளைத் திட்டி ஆங்கில எழுத்தை நிறுத்தச் சொல்வதில் எனக்கு நம்பிக்கையில்லை. எழுதச் சொல்லிக்கொடுப்பதற்கு முன்னால் வாசிக்கச் சொல்லிக்கொடுங்கள் என்பதுதான் நான் சொல்லக்கூடியது. பட்டியலில் வருகிற நாலு சொல்லில் ‘வழி’ எது, ‘வலி’ எது என்று கண்டுகொள்கிற அளவு வாசிப்பு போதும்; மிச்சத்தைக் கைப்பேசி பார்த்துக்கொள்ளும். அந்த அளவுக்கு 247 எழுத்தையும் வரிசையாக உருப்போட வேண்டியதில்லை. பெரியவர்கள் குடும்பக் குழுவில் தாங்கள் எழுதுவதைத் தமிழ் எழுத்தில் எழுதவேண்டும். பிள்ளைகள் ஆங்கில எழுத்திலேயே பதில் போடட்டும், பரவாயில்லை. தாத்தா என்ன எழுதியிருக்கிறார் என்று பார்க்கவாவது கண் தமிழெழுத்தின்மேல் போகும். எங்கள் குழுவில் எட்டு மாதமாக இப்படி நடக்கிறது. பேத்தி இப்போது சின்னச் சொற்களைப் பட்டியலிலிருந்து எடுக்கிறாள். ‘சாப்டாச்சா’ தமிழெழுத்தில் வருகிறது. றகர ரகரம் இன்னும் தகராறுதான்.

கைப்பேசியில் தமிழ் விசைப்பலகையைச் சேர்க்கத் தெரியாத அன்பர்கள் சங்கத்து ஞாயிறு கூட்டத்துக்கு வரும்போது கையோடு கொண்டுவந்தால் நானோ என் மகனோ போட்டுக் கொடுத்துவிடுவோம், ஐந்து நிமிஷ வேலை. அவசரமென்றால் கடைக்கே வரலாம். பூஜைக்கு முந்தின ஒரு மாதம் மட்டும் வேண்டாம். அப்போது கரியாஹாட் நாற்சந்தியில் நிற்கவே இடம் இருக்காது, எனக்கும் தலை தூக்க நேரமிருக்காது.